யாரும் கட்டிப்பிடிக்காத கடைசிக் காட்சி

செய்தி வந்தபோது நான் பஞ்சு மார்க்கெட் பக்கத்துச் சலூனில் தலைக்கு மை பூசிக்கொண்டு, அது காய்வதற்காகக் காத்திருந்தேன். போனில் சுந்தரவல்லி அக்கா. "தம்பி, அவிய போயிட்டாவ" என்றாள். அழுகை இல்லை. காலமெல்லாம் நர்ஸ் வேலை பார்த்தவள். சாவுச் செய்தியை எப்படிச் சொல்ல வேண்டும் என்று அவளுக்குத் தெரியும்.

அதை எப்படி வாங்கிக்கொள்வது என்று எனக்குத்தான் தெரியவில்லை. தலையைக் கழுவாமலே பைக்கை எடுத்துவிட்டேன். முடங்கியாறு சாலை வீட்டை அடைந்தபோது நெற்றியிலும் காதோரத்திலும் மை வழிந்திருந்தது. "துட்டி வீட்டுக்கு வாரவன் மூஞ்சியப் பாரு, காக்கா வாந்தியெடுத்த மாரி" என்று எங்கள் பெரியம்மை ஒருத்தி சொல்ல, வாசலில் நின்ற பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். உள்ளே படுத்திருந்தவர் மட்டும் எழுந்து பார்த்திருந்தால் எல்லோரையும் விட உரக்கச் சிரித்திருப்பார். துக்க வீட்டில் சிரிப்பு வராத ஊரில் உட்கார்ந்து கதை எழுதக்கூடாது என்பது அவருடைய கொள்கை.

அவர் பெயர் லாயிட் ஹாப்வெல். அமெரிக்கத் திரைக்கதையாசிரியர், இயக்குநர். எனக்கு அத்தான். ஊருக்கு 'லைட்டு மாப்ள'. லாயிட் என்பது எங்கள் வாயில் நிற்கவில்லை. சினிமாக்காரர்தானே, லைட்டு என்றால் பொருத்தம்தான் என்று விட்டுவிட்டோம். சுந்தரவல்லி அக்கா என் பெரியப்பா மகள். அந்த முறையில் அவரைக் கேலிசெய்ய எனக்குப் பிறப்புரிமை உண்டு. செத்துப்போனார் என்பதற்காக அதை விட்டுக்கொடுப்பதாக இல்லை.

அவர் இறந்த சில நாட்களில் அமெரிக்கச் சினிமா இதழ் ஒன்றின் இணையப் பக்கத்தில் சின்னதாக ஒரு குறிப்பு வந்தது. திறமைசாலி, ஆனால் பிடிவாதத்தால் தன் வாழ்க்கையைத் தானே கெடுத்துக்கொண்டவர், கடைசிக் காலத்தில் தென்னிந்தியாவில் எங்கோ ஒரு சிற்றூரில் மறைந்து வாழ்ந்தவர் என்று எழுதியிருந்தார்கள். மறைந்து வாழ்ந்தாராம். ஆறடிக்கு மேல் உயரமான வெள்ளைக்காரர், கைலியும் தொப்பியுமாகச் சைக்கிளில் காய்கறிப் பையை மாட்டிக்கொண்டு தினமும் சந்தைக்குப் போய், கத்திரிக்காயை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துச் சொத்தை பொறுக்குவார். ராஜபாளையத்தில் அவரைத் தெரியாத மாடுகூடக் கிடையாது. அந்தக் குறிப்புக்குப் பதிலாகத்தான் இதை எழுதுகிறேன். அவர்கள் படிக்கமாட்டார்கள். போகட்டும்.

அமெரிக்காவில் ஒரு சிறிய ஊரில் செருப்புக்கடைக்காரருக்குப் பிறந்தவர். இளம் வயதிலேயே லாஸ் ஏஞ்சல்ஸ் போய், தொலைக்காட்சித் துப்பறியும் தொடர்களுக்கு எழுதத் தொடங்கினார். நன்றாகவே பிழைத்திருக்கலாம். ஆனால் அங்கே சினிமாவில் ஒரு சட்டம் இருக்கிறதாம். கதையில் சண்டை போட்டவர்கள் கடைசிக் காட்சிக்குள் திருந்திவிட வேண்டும்; கண் கலங்க வேண்டும்; மன்னிப்புக் கேட்டுக் கட்டிப்பிடிக்க வேண்டும். அத்தானுடைய ஆட்கள் யாரும் மன்னிப்புக் கேட்கமாட்டார்கள். "எங்க அப்பா எங்க அம்மாகிட்ட ஒரு தடவகூட மன்னிப்புக் கேட்டதில்ல மாப்ள. ஆனா சண்டை போட்ட மறுநாள் அவங்க செருப்பு பாலீஷ் போட்டு வாசல்ல இருக்கும். நான் பாத்தது அதுதான். பாக்காதத எப்படி எழுதுறது?" என்பார்.

அவர் இயக்கிய முதல் படம், சலவைக்கடை நடத்தும் அக்கா தங்கை இருவரைப் பற்றியது. கடைசியில் அக்கா கோபித்துக்கொண்டு ஊரை விட்டுப் போகிறாள். தங்கை கடை ஷட்டரை இறக்கிவிட்டு, அக்கா மறந்துவிட்டுப் போன கோட்டுக்கு இஸ்திரி போடுகிறாள். படம் முடிந்தது. தயாரித்தவர்களுக்குப் பிடிக்கவில்லை. இன்னோர் இயக்குநரைக் கூட்டிவந்து, ரயில் நிலையத்தில் அக்காவும் தங்கையும் கட்டிக்கொண்டு அழுகிற மாதிரி எடுத்து ஒட்டினார்கள். அத்தான் தன் பெயரைப் படத்திலிருந்து எடுத்துவிட்டார். படம் நன்றாக ஓடியது. ஊரெல்லாம் அழுதது. பெயரை எடுத்தவருக்கு வீட்டு வாடகை கொடுக்க வழியில்லை.

அதற்குப் பிறகு சொந்த முயற்சியில் இரண்டு சிறிய படங்கள் எடுத்தார். இரண்டிலும் அவர் எழுதிய முடிவே இருந்தது. கொட்டகையில் ஆள்தான் இல்லை. மற்றபடி காலமெல்லாம் அடுத்தவர் திரைக்கதைக்குப் பஞ்சர் ஒட்டுகிற வேலை. பெயர் வராது. நானும் சத்திரப்பட்டி பேண்டேஜ் துணிக் கம்பெனியில் விற்பனை வேலை பார்த்துக்கொண்டு, நகைச்சுவைக் கட்டுரை எழுதுகிறேன் பேர்வழி என்று திரிகிறவன். "ரெண்டு பேரும் அடுத்தவன் காயத்துக்குக் கட்டுப் போடுறவங்க" என்று அவர் ஒருமுறை சொன்னபோது எனக்குப் பெருமையாக இருந்தது. பிறகுதான் அதில் கேலி எவ்வளவு, பாசம் எவ்வளவு என்று யோசித்தேன். இன்னும் முடிவுக்கு வரவில்லை.

சிறுநீரகக் கல்லோடு அங்கே ஓர் ஆஸ்பத்திரியில் படுத்தவருக்கு ஊசி போட வந்தவள், அமெரிக்காவுக்கு நர்ஸ் வேலைக்குப் போயிருந்த அக்கா. முதல் குத்தில் நரம்பு சிக்கவில்லை. வேறு நர்ஸாக இருந்தால் பத்து முறை 'சாரி' சொல்லியிருப்பாள். அக்கா அவர் கையைத் திருப்பிப் பார்த்து, "உங்க நரம்பு சரியில்ல" என்றாளாம். அந்த இடத்திலேயே அத்தான் விழுந்துவிட்டார். கல் வெளியே வருவதற்குள் காதல் உள்ளே போய்விட்டது.

கல்யாணச் செய்தி இங்கே வந்தபோது வீட்டில் பூகம்பம். மேற்சொன்ன பெரியம்மை, போட்டோவைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டு, "நம்ம ஊரு நாய் கணக்கா வெள்ளையும் ரோஸ் மூக்குமா இருக்காரு. இதுக்கு அம்புட்டு தூரம் போகணுமாக்கும்?" என்றாள். மற்றவர்கள் பேசி ஓய்ந்தார்கள். ஓயாதவர் ஒருவர்தான். அக்காவின் உடன்பிறந்த அண்ணன் வேலுச்சாமி. பட்டாளத்தில் ஹவில்தாராக இருந்து, மம்சாபுரத்தில் நிலத்தைப் பார்த்துக்கொண்டிருப்பவர். தங்கச்சி தன்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று அவர் பேச்சை நிறுத்தினார். அண்ணன் தன் புருஷனை வந்து பார்க்காமலே தீர்ப்புச் சொல்லிவிட்டான் என்று அக்காவும் நிறுத்தினாள். வருடங்கள் ஓடின. இரண்டு பேரும் அசையவில்லை.

அக்கா ஓய்வு பெற்றபின் இருவரும் ராஜபாளையத்துக்கே வந்துவிட்டார்கள். அத்தான் தமிழ் படித்தது அக்கா போனில் பேசுவதைக் கேட்டுத்தான். அதில் ஒரு விபத்து நேர்ந்திருந்தது. அக்கா எப்போதும் "அவிய சாப்பிட்டாவ, அவிய தூங்குதாவ" என்று அவரைப் பற்றியே சொல்லிக்கொண்டிருந்ததால், 'அவிய' என்பது தமிழில் தன் பெயர் என்று நினைத்துவிட்டார். வந்த புதிதில் எனக்குப் போன் செய்து, "அலோ மாப்ள, நான் அவிய பேசுறேன்" என்றார். கேஸ் ஏஜென்சியிலும் அப்படியே சொல்லியிருக்கிறார். அவர்கள் 'திரு. அவிய' என்று ரசீது போட்டுக் கொடுத்தார்கள். அது 'அவர்' என்பதற்கு எங்கள் பக்கத்து மரியாதைச் சொல் என்று விளக்கிச் சொன்னபிறகு, தமிழில் எல்லோருக்கும் மரியாதை போதவில்லை என்று முடிவுகட்டி, ஆடு மாட்டுக்கும் 'அவிய' போடத் தொடங்கினார்.

ஒரு பொங்கலுக்குக் குலசாமி கும்பிட மம்சாபுரம் போகவேண்டி வந்தது. கோயில் வேலை முடிந்தால் எல்லோரும் வேலுச்சாமி அண்ணன் வீட்டில்தான் சாப்பிட வேண்டும். வேறு வழியில்லை. அண்ணன் டிராக்டர் கொட்டகை வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். அக்கா எதிர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றாள். நடுவில் ஒரு வெள்ளாடு அகத்திக்கீரை தின்றுகொண்டிருந்தது.

அண்ணன் ஆட்டைப் பார்த்துச் சொன்னார்: "ஏட்டி வெள்ளச்சி, அமெரிக்காவுலேர்ந்து வந்தவுகளுக்குத் தலையில கொம்பா மொளச்சிருக்கு? வந்து உக்காரச் சொல்லு."

அக்காவும் ஆட்டிடமே சொன்னாள்: "வெள்ளச்சி, கொம்பு ஒங்க வீட்டுக்காரருக்குத்தான் மொளச்சிருக்கு. கூப்பிடாத எலையில உக்கார நாங்க என்ன காக்காயா?"

"எலை போட்டுச் செத்த நேரமாச்சுன்னு சொல்லு. ஆறின பொறவு கொழம்பக் குத்தஞ் சொல்லப்படாது."

"கொழம்புல உப்பு கொறச்சலாத்தான் இருக்கும். அந்த வீட்டு ராசி அது. அதுக்கும் கோவப்படக் கூடாதுன்னு சொல்லு."

ஆடு யாருக்கும் பதில் சொல்லவில்லை. எங்களுக்கு இது வாடிக்கை. மாமியார் மருமகளைப் பற்றிப் பூனையிடம் சொல்வார், பங்காளி பங்காளியைப் பற்றி மோட்டாரிடம் சொல்வார். ஜாடை பேசுவது என்போம். ஆனால் அத்தான் என் கையை இறுகப் பிடித்துக்கொண்டார். "மாப்ள, நடிகர்கள்ட்ட நான் வாழ்க்க பூரா கெஞ்சினது இதுக்குத்தான். மனசுல இருக்கறத மூஞ்சிக்கு நேரே சொல்லாதீங்க, வேற பக்கம் திரும்பிச் சொல்லுங்கன்னு. ஒருத்தருக்கும் வரல. இங்க ஒரு மனுசர் ஆட்டுகிட்டச் சொல்றாரு" என்றார். அன்று அவர் சாப்பாட்டில் உப்பு இருந்ததா என்று கேட்டால் அவருக்குத் தெரிந்திருக்காது.

அப்படித்தான் 'வெள்ளாட்டுக்குச் சொன்னது' என்ற அவருடைய கடைசிப் படம் பிறந்தது. பேசிக்கொள்ளாத அண்ணன் தங்கை. நடுவில் ஓர் ஆடு. நடிகர்கள் வேண்டாம், அந்த இரண்டு பேரையே நடிக்க வைக்கிறேன் என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. அத்தானோடும் அண்ணனுக்குப் பேச்சுக் கிடையாது, யார் போய்க் கேட்பது? அத்தானே மம்சாபுரம் போனார். நானும் வேடிக்கை பார்க்கப் போனேன். அவர் நேரே ஆட்டின் முன்னால் குந்தி உட்கார்ந்தார். "வெள்ளச்சி, நீங்க நல்லா இருக்கியளா? மச்சான நடிக்க வரச் சொல்லுங்க. சம்பளம் உண்டு, மேக்கப் கெடையாது" என்றார்.

அண்ணன் சட்டென்று திரும்பிக்கொண்டு டிராக்டர் சக்கரத்தைத் துடைத்தார். அவர் முதுகு குலுங்கியது. பிறகு குரலைக் கடுமையாக்கிக்கொண்டு, "வெள்ளச்சி, நடிப்புக்குத்தான கேக்காரு? நெசத்துக்கு இல்லேன்னா எனக்கு ஒண்ணுமில்லேன்னு சொல்லு" என்றார்.

மும்பை நிறுவனம் ஒன்று பணம் போட்டது. அத்தான் ஒப்பந்தத்தில் இரண்டே நிபந்தனைகள் சேர்த்தார். அவரோ அவருக்குப்பின் அக்காவோ சம்மதிக்காமல் முடிவை மாற்றக்கூடாது. படம் எடுத்த ஊர்க்காரர்களுக்குக் காசு வாங்காமல் எப்போது வேண்டுமானாலும் போட்டுக்காட்டலாம். மம்சாபுரத்திலும் செண்பகத்தோப்பு அடிவாரத்திலும் படப்பிடிப்பு நடந்தது. நான் வசன உதவி. ஆட்டுக்குக் கீரை வாங்கித் தரும் ஒரு பாத்திரத்தில் நடிக்கவும் செய்தேன். முடிந்த படத்தில் என்னைக் காணோம். ஏன் என்று கேட்டேன். "நீ நடிச்சிட்ட மாப்ள" என்றார். என் கலைவாழ்க்கைக்கு இதைவிடச் சுருக்கமான விமர்சனம் இனி வரப்போவதில்லை.

கடைசிக் காட்சி இது. பாம்பு கடித்து ஆடு செத்துவிடுகிறது. அண்ணனும் தங்கையும் வெற்று முற்றத்தில் உட்கார்ந்திருக்கிறார்கள். பேச ஆசை, யாரிடம் சொல்லிப் பேசுவது? அண்ணன் எழுந்து போகிறார். வன்னியம்பட்டியிலிருந்து ஒரு குட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து, அதே முளையில் கட்டி, எதிரே உட்காருகிறார். "ஏட்டி, நீ புதுசு. ஒனக்கு ஒண்ணும் தெரியாது. இந்த வீட்டுல ஒருத்தி காலையிலேர்ந்து பட்டினியாக் கெடக்கா. என்னான்னு கேளு." அத்துடன் படம் முடிகிறது.

மும்பைக்காரர்கள் பார்த்தார்கள். படம் பிரமாதம், கடைசியில் மட்டும் இருவரும் கட்டிப்பிடித்தால் உலகமே அழும் என்றார்கள். அத்தான் முடியாது என்றார். படத்தைக் கிடப்பில் போட்டார்கள். மாதங்கள் போயின. அவருக்கு இதயம் பழுதாகிவிட்டது என்று டாக்டர்கள் சொல்லிவிட்டார்கள். ஒரே ஒரு முறை 'சரி' என்று சொல்லியிருந்தால் தன் படத்தைத் திரையில் பார்த்துவிட்டுப் போயிருக்கலாம். நானே சொன்னேன்: "விட்டுத்தள்ளுங்க அத்தான். கட்டிப் பிடிச்சிட்டுப் போறாங்க. ஒங்களுக்கு என்ன?"

மூச்சு வாங்க, நிறுத்தி நிறுத்தித்தான் பதில் சொன்னார். "கட்டிப் பிடிச்சா அது ஒங்க அக்கா இல்ல மாப்ள. வேற யாரோ. வேற யாரோ நடிச்ச படத்த நான் எதுக்குப் பாக்கணும்?"

ஒருநாள் காலை, காபி கேட்டவர், அக்கா கொண்டுவருவதற்குள் போய்விட்டார். பிள்ளைகள் இல்லை. மச்சினன் முறைக்காரனான நான் கொள்ளி வைக்கலாமா என்று வாசலில் ஒரு வாதம் நடந்து, வைக்கலாம் என்று தீர்ந்தது. எனவே காலையில் மை பூசிய தலை சாயங்காலம் மொட்டையானது. வேலுச்சாமி அண்ணன் வந்திருந்தார். வீட்டுக்குள் வரவில்லை. பாடை தூக்கும்போது மட்டும் தலைமாட்டுப் பக்கம் வந்து தோள் கொடுத்தார். யாரும் அவரைக் கூப்பிடவுமில்லை, தடுக்கவுமில்லை.

ஈரம் காய்வதற்குள் மும்பை நிறுவனத்திலிருந்து தமிழ் பேசும் இளைஞர் ஒருவர் போன் செய்தார். மிகவும் மரியாதையாகப் பேசினார். இனி அக்காவின் சம்மதம் போதும், முகம் சம்பந்தப்பட்டது என்பதால் அண்ணனும் சரியென்று சொல்ல வேண்டும், யாரும் நடிக்க வர வேண்டியதில்லை, முகங்கள் இருக்கின்றன, கட்டிப்பிடிப்பதைக் கம்ப்யூட்டரே செய்துவிடும், சில விநாடிகள்தான், சாருக்கு அதுவே பெரிய அஞ்சலியாக இருக்கும் என்றார். காரியத்தன்று இருவரும் இருப்போம், அன்றைக்குப் பேசுங்கள் என்றாள் அக்கா.

காரியத்தன்று புருஷனை இழந்தவளுக்குப் பிறந்த வீட்டிலிருந்து கோடித்துணி வர வேண்டும். வெளுத்த நிறத்தில் ஒரு சேலை, அதுதான் வழக்கம். அண்ணன் ஸ்ரீவில்லிபுத்தூர் கடைப் பையோடு வந்தார். பெரியம்மை பிரித்தாள். கிளிப்பச்சை, அரக்கு பார்டர்.

"ஏலே வேலு, என்னல இது, கலியாணத்துக்கு எடுத்த மாரி?"

"கடையில வெள்ள இல்லேன்னு சொல்லுங்க."

"யாருகிட்டல சொல்ல?"

"யாரு கேக்காகளோ அவுககிட்ட."

கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. அக்கா எழுந்து, சேலையை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். கட்டிக்கொண்டு வெளியே வந்தாள். முணுமுணுப்பு அடங்கியது.

கொஞ்ச நேரத்தில் வீடியோவில் அந்த இளைஞர் வந்தார். நான் லேப்டாப்பை நடுவில் வைத்தேன். அக்கா ஒரு பக்கம், அண்ணன் மறுபக்கம். என் மொட்டைத்தலை நடுவில். அன்றைக்கு ஆடு நான்தான்.

"தம்பி," என்றாள் அக்கா, "கட்டிப்பிடிச்ச மாரி காட்டுனா நாங்க ராசியாயிட்டோம்னு ஊருல நெனைப்பாக. பொய்யா ராசியாவுறதுக்கா இம்புட்டு வருசம் பேசாம இருந்தேன்? மன்னிப்புக் கேக்க வேண்டியவுக கேக்கல. அவுக கேக்காதத ஒங்க கம்ப்யூட்டர் எதுக்குக் கேக்குது?"

அண்ணன் திரையைப் பார்த்துக்கொண்டே என்னிடம் சொன்னார்: "ஏலே, அந்தத் தம்பிகிட்டச் சொல்லு. எம்மூஞ்சிய வச்சு நான் செய்யாததச் செய்ய வச்சா, பொறவு நான் மும்பைக்கு நேர்ல வருவேன்னு."

"கேட்குது சார். நீங்க நேராவே சொல்லலாம்" என்றார் இளைஞர்.

"கேக்குதாம்லா," என்றார் அண்ணன் என்னிடம். "அப்ப நீ சொல்ல வேண்டாம்."

இளைஞர் வருத்தத்தோடு, அப்படியென்றால் படம் வெளியே வராது, இப்படியே கிடக்கும் என்றார். "கெடக்கட்டும். எங்க ஊருல நாங்க போட்டுக்கிடுதோம்" என்று சொல்லிவிட்டு அக்காவே லேப்டாப்பை மூடினாள். அண்ணன் அன்று அந்த வீட்டில் சாப்பிட்டார். குழம்பில் உப்பு சரியாக இருப்பதாகப் பெரியம்மையிடம் தெரிவித்தார்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை, ஸ்ரீவில்லிபுத்தூர் தேரடிக்குப் பக்கத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில், பகல் காட்சியாகப் படத்தைப் போட்டோம். எங்கள் கம்பெனி பேண்டேஜ் துணியை அகலத்துக்கு இணைத்துத் தைத்ததுதான் திரை. மம்சாபுரமே வேன் பிடித்து வந்திருந்தது. கடைசிக் காட்சியில் அண்ணன் குட்டியைத் தூக்கி வந்தபோது, "அது எங்க வீட்டுக் குட்டி" என்று வன்னியம்பட்டிக்காரர் ஒருவர் எழுந்து நின்று எல்லோருக்கும் அறிவித்தார். சிரித்தார்கள். பிறகு அந்த வசனம் வந்தது. விளக்குப் போட்டபின்னும் யாரும் எழுந்திருக்கவில்லை. பக்கத்தில் இருந்த ஒருவர் தன் செல்போனை எடுத்து, எண்ணைத் தேடிப் பிடித்து, அழைக்காமலே வெகுநேரம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிடிவாதத்தால் கெட்டவர் என்று எழுதிய அமெரிக்க இதழ்க்காரரை அந்த மண்டபத்தில் உட்கார வைத்திருக்க வேண்டும்.

வெளியே நல்ல வெயில். அண்ணனும் அக்காவும் பஸ்ஸுக்கு நடந்தார்கள். அண்ணன் முன்னால், பட்டாளத்து நடை. கிளிப்பச்சைச் சேலையில் அக்கா பின்னால். பேச்சுக் கிடையாது. சாலையைக் கடக்கும் இடத்தில் திடீரென்று ஒரு டவுன் பஸ் திரும்பியது. அண்ணன் நின்றார். திரும்பிப் பார்க்காமலே, வலது கையைப் பின்னால் நீட்டி, உள்ளங்கையை விரித்துக் காட்டினார். அக்கா நின்றாள். பஸ் போனது. கை இறங்கியது. இருவரும் கடந்து போனார்கள்.

அத்தான், அங்கே கேமரா இல்லை. நான்தான் நின்றேன், நான் பார்த்ததை உள்ளபடி எழுதிவிட்டேன், ஒன்றும் ஒட்டவில்லை. நிம்மதியாகப் போங்கள். போகிற இடத்திலும் யாராவது கடைசிக் காட்சியைக் கொஞ்சம் மாற்றச் சொல்வார்கள். மாற்றாதீர்கள்.